தான் கார்ட்டூன் என்று தெரிந்த கார்ட்டூன்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய அமெரிக்கக் கார்ட்டூன் குறும்படங்களை நண்பர்களுக்கும் அவர்களுடைய பிள்ளைகளுக்கும் போட்டுக் காட்டுவது என் ஞாயிற்றுக்கிழமை வேலை. படம் ஏழு நிமிடம் ஓடும், அதன் பிறகு கேள்விகள் அரை மணி நேரம் ஓடும். திரும்பத் திரும்ப வந்த கேள்விகளை இங்கே சேர்த்திருக்கிறேன். பெரும்பாலும் 1914க்கும் 1960க்கும் இடையே தியேட்டருக்காக எடுத்த படங்கள்தான். பிற்காலப் படங்கள் ஓரிரண்டு எட்டிப் பார்க்கும்.

‘தான் கார்ட்டூன் என்று தெரியும்’ என்றால் என்ன அர்த்தம்?

கதைக்குள் இருக்கும் ஆள் கதைக்கு வெளியே இருப்பவற்றைக் கண்டுகொள்வது. இதில் பல படிகள் உண்டு. பக்ஸ் பன்னி என்ற முயல் கேரட்டைக் கடித்தபடி நம் பக்கம் திரும்பி, தன்னைத் துரத்தும் வேட்டைக்காரன் எல்மர் ஃபட்டைப் பற்றிக் கிண்டலாக ஒரு வார்த்தை சொல்வது முதல் படி. நம் தெருக்கூத்தில் கட்டியங்காரன் ராஜாவை வைத்துக்கொண்டே கூட்டத்தைப் பார்த்துப் பேசுவானே, அந்த மாதிரி. அடுத்த படியில் பாத்திரம் கதாசிரியரோடு மல்லுக்கு நிற்கும். 1937இல் வந்த ‘போர்க்கீஸ் டக் ஹன்ட்’ படத்தில் வாத்து கோணல்மாணலாக ஏதோ செய்ய, போர்க்கி பிக் என்ற பன்றி ஸ்கிரிப்டை எடுத்துப் புரட்டி, “இது இதில் இல்லையே!” என்று திக்குகிறான். அந்த வாத்துதான் பிறகு டாஃபி டக் ஆனது. முதல் படத்திலேயே ஸ்கிரிப்டை மதிக்காதவன்.

மூன்றாவது படிதான் எனக்கு உயிர். அதில் பாத்திரத்தின் கை பிலிம் மேலேயே பட்டுவிடும். ரீலின் ஓரம், ஒலி, வண்ணம், ‘முடிந்தது’ என்கிற அட்டை, எல்லாமே விளையாட்டுச் சாமான்.

இதை ஆரம்பித்தது பக்ஸ் பன்னியா?

இல்லை. பக்ஸ் முழு உருவம் பெற்றது 1940இல்தான். அதற்கு 26 வருடம் முன்பே, 1914இல், வின்சர் மெக்கே என்கிற பத்திரிகை ஓவியர் ‘ஜெர்ட்டி’ என்ற டைனோசரை வரைந்து மேடைக்குக் கொண்டுவந்துவிட்டார். கையில் சாட்டையோடு திரைக்குப் பக்கத்தில் நின்று, சர்க்கஸ்காரர் யானையிடம் பேசுவதுபோல் ஜெர்ட்டிக்குக் கட்டளை போடுவார். அது காலைத் தூக்கும், சில சமயம் தூக்காது. திட்டினால் அழும். மெக்கே ஒரு ஆப்பிளை அதை நோக்கி எறிவதுபோல் பாவனை செய்து உள்ளங்கையில் மறைத்துக்கொள்வார். அதே நொடியில் திரையில் வரைந்த பழம் ஜெர்ட்டியின் வாயில் விழும். கடைசியில் மேடையின் ஓரமாக மறைவார். அடுத்த கணம் சித்திரமாகத் திரைக்குள் வந்து, ஜெர்ட்டியின் மேல் ஏறிச் சவாரி போவார்.

கவனியுங்கள், கார்ட்டூன் என்ற கலை சரியாக நடக்கப் பழகாத வயதிலேயே வரைந்தவரோடு சண்டை போட ஆரம்பித்துவிட்டது. ‘இது பிற்காலத்துப் புத்திசாலித்தனம்’ என்று யாராவது சொன்னால் ஜெர்ட்டியைக் காட்டுங்கள்.

அடுத்து, மேக்ஸ் ஃப்ளைஷரின் ‘அவுட் ஆஃப் தி இங்க்வெல்’ வரிசை, 1918 முதல். கோகோ என்ற கோமாளி மைக்கூட்டிலிருந்து ஏறி வருவான், ஓவியரின் மேசையில் அட்டகாசம் செய்வான், படம் முடியும்போது மறுபடியும் மைக்கூட்டுக்குள் போவான். ஓவியராக வருபவர் நிஜ மனிதர், மேக்ஸ் ஃப்ளைஷரே. மனிதன் நடப்பதைப் படம்பிடித்து, அதன் மேல் ஒவ்வொரு பிரேமாக வரைந்து எடுக்கும் ‘ரோட்டோஸ்கோப்’ கருவிக்குக் காப்புரிமை வாங்கியவரும் அவர்தான். கோமாளி உடை போட்டு ஆடிக் காட்டியது அவருடைய தம்பி டேவ். வெள்ளைத் தாளில் நடக்கும் கோகோவின் தோள் குலுக்கலில் ஒரு நிஜ மனிதனின் எடை தெரிவதற்குக் காரணம் இதுதான்.

ஃபீலிக்ஸ் பூனை வாலைக் கழற்றுவதும் இதில் சேருமா?

சேரும். ஆனால் சத்தமில்லாமல். 1919இல் தொடங்கிய ஃபீலிக்ஸ் படங்கள் ஊமைப்படங்கள். பூனை யோசிக்கும்போது தலைக்கு மேல் கேள்விக்குறி முளைக்கும். அதையே பிடித்துக் கொக்கியாக மாட்டிக்கொள்ளும். வால் தேவைக்கேற்றபடி கைத்தடி ஆகும். ‘நான் ஒரு கோடு, கோட்டை எப்படியும் வளைக்கலாம்’ என்பது அதற்குத் தெரிந்திருக்கிறது. நம்மைப் பார்த்து ஒரு வார்த்தை பேசியதில்லை, பேசவும் தேவையில்லை.

1940களில் இது ஏன் இவ்வளவு பெருகியது?

தியேட்டர்தான் காரணம் என்பது என் கணிப்பு. அன்றைய அமெரிக்கத் தியேட்டரில் டிக்கெட் வாங்கினால் செய்திப்படம், குறும்படம், ஒரு கார்ட்டூன், அதன் பிறகு முழுநீளப் படம் என்று வரிசையாக வரும். வாரா வாரம் அதே கூட்டம். ஒரே முயலை, ஒரே வாத்தை மாதக்கணக்கில் பார்த்துப் பழகியவர்கள். எம்ஜிஎம் ஸ்டுடியோ படத்தின் தொடக்கத்தில் சிங்கம் கர்ஜிப்பது, டைட்டில் எந்த இசையில் வரும், துரத்தலில் யார் ஜெயிப்பார்கள், எல்லாம் அத்துப்படி. விதி இப்படி மனப்பாடமாக இருக்கும் இடத்தில்தான் விதியை மீறினால் சிரிப்பு வரும்.

இன்னொன்று, எடுத்தவர்களே அலுத்துப்போயிருந்தார்கள். வார்னர் பிரதர்ஸுக்காக லியோன் ஷ்லெசிங்கர் நடத்திய ஸ்டுடியோவில் இளைஞர்கள் சிலரைத் தனியாக ஒரு பழைய மரக்கட்டடத்தில் போட்டார்கள். கரையான் அரித்த கட்டடம். ‘டெர்மைட் டெரஸ்’, அதாவது கரையான் மாடி, என்று அவர்களே பெயர் வைத்துக்கொண்டார்கள். அழகான முயல்குட்டி, பாடும் பூக்கள் என்று டிஸ்னி செய்வதை இவர்கள் கையிலிருந்த பணத்தில் செய்ய முடியாது. முடியாததைக் கிண்டல் செய்யலாமே!

டெக்ஸ் ஏவரி என்ற பெயர் அடிக்கடி வருகிறதே?

வராமல் எப்படி? டெக்சஸ் மாநிலம் டெய்லர் ஊரில் 1908இல் பிறந்தவர். கரையான் மாடிக் கும்பலின் தலைவர். 1941 வரை வார்னரிலும் பிறகு எம்ஜிஎம்மிலும் இருந்தார். அவருடைய பாத்திரங்களுக்குத் தியேட்டர் தெரியும். நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் நம்மையும் தெரியும்.

1938இல் வந்த ‘டாஃபி டக் அண்ட் எக்ஹெட்’டில் படம் ஓடும்போது திரையின் குறுக்கே ஓர் ஆளின் கரிய நிழல் எழும். யாரோ லேட்டாக வந்து இடம் தேடுகிறார் என்று தோன்றும். திரையில் இருக்கும் எக்ஹெட் அவரை உட்காரச் சொல்கிறான். அந்த ஆள் கேட்கவில்லை. எக்ஹெட் துப்பாக்கியைத் தூக்கிச் சுட்டுவிடுகிறான். நிழல் தள்ளாடித் தள்ளாடி, பெரிய நாடக நடிகர் மாதிரி சாகிறது. நிழலும் படத்திலேயே வரைந்ததுதான். ஆனால் இருட்டில் உட்கார்ந்திருந்தவர்கள் ஒரு நொடியாவது முன்வரிசையைத் திரும்பிப் பார்த்திருப்பார்கள்.

அடுத்த வருடம் ‘தக்ஸ் வித் டர்ட்டி மக்ஸ்’. இதில் நிழலாள் பாதியில் எழுந்து வெளியே போகப் பார்க்கிறான். கொள்ளைக்கூட்டத் தலைவன், “எங்கே போகிறாய்? போலீஸிடம் போட்டுக்கொடுக்கவா? உட்கார்!” என்று மிரட்டுகிறான். தலைவன் அந்தப் பக்கம் போனதும் நிழலாள் போலீஸிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறான், ‘நான் இந்தப் படத்தை முழுசாகப் பார்த்தவன்’ என்ற தைரியத்தில். இரண்டாம் ஆட்டம் பார்க்க வந்தவன் கதையைச் சொல்லிக் கெடுப்பது அன்றைக்கும் இருந்திருக்கிறது.

எம்ஜிஎம்முக்குப் போன பிறகு ரீலிலேயே கை வைத்தார். 1943இன் ‘டம்ப்-ஹவுண்டட்’ படத்தில், சிறையிலிருந்து தப்பிய ஓநாய் வளைவில் திரும்பும்போது வேகம் தாங்காமல் சறுக்கிப் படச்சட்டத்தைத் தாண்டி, பிலிமின் ஓரத் துளைகளையும் தாண்டி, வெறும் வெள்ளைக்குள் போய்விடும். பிறகு பிரேக் போட்டு உள்ளே ஓடி வரும். துரத்தும் நாய் ட்ரூப்பிக்கு இதுதான் முதல் படம். அது சோர்ந்த முகத்தோடு நம்மைப் பார்த்து, நான்தான் கதாநாயகன் என்று அறிவிக்கிறது. 1948இன் ‘லக்கி டக்கி’யில் துரத்தல் மும்முரமாகப் போகும்போது திடீரென்று எல்லாம் சாம்பல் நிறமாகிவிடும், திரும்பிப் பார்த்தால் வழியில் ஒரு பலகை: ‘டெக்னிகலர் இத்துடன் முடிகிறது’. ஊர் எல்லைப் பலகை மாதிரி!

‘ரெட் ஹாட் ரைடிங் ஹூட்’ (1943) இன்னொரு ரகம். ஓநாய், பாட்டி, சிவப்புத் தொப்பிக்காரி என்ற பழைய கதையைச் சொல்ல ஆரம்பிக்கிறார் கதைசொல்லி. ஓநாய் நடுவழியில் நின்று, இதையே எத்தனை தடவை நடிப்பது என்று கத்துகிறது. பாட்டியும் பெண்ணும் கூட வேலைநிறுத்தம். ஹாலிவுட்டில் ஒரு ஸ்டுடியோ பாக்கியில்லாமல் இப்படியே எடுத்துவிட்டது என்பது அவர்கள் புகார். கதைசொல்லி பணிந்து, கதையை நைட் கிளப்புக்கு மாற்றுகிறார்.

திரையில் ஒரு முடி ஒட்டிக்கொண்டிருக்கும் படம் எது? அது பழுதா?

1952இல் வந்த ‘மேஜிக்கல் மாஸ்ட்ரோ’. பழுது இல்லை. ஆனால் நானும் ஏமாந்திருக்கிறேன்.

கதை: பூச்சினி என்ற புல்டாக் ஓப்ரா பாடகர். அவர் விரட்டிவிட்ட ஒரு மந்திரவாதி பழிவாங்க, இசை நடத்துநரின் இடத்தில் மாறுவேடத்தில் நின்றுகொண்டு கோலை அசைக்கிறான். பூச்சினி பாடிக்கொண்டே இருக்க, உடையும் உருவமும் மாறிக்கொண்டே போகின்றன. நடுவில் திரையின் அடிப்பக்கம் ஒரு முடி துடிக்க ஆரம்பிக்கும். புரொஜக்டரின் கேட்டில், அதாவது பிலிம் விளக்குக்கு முன்னால் நின்று நின்று நகரும் அந்தச் சிறிய ஜன்னலில், ஒரு இழையோ தூசியோ சிக்கினால் திரையில் கயிறளவுக்கு ஆடும். டூரிங் டாக்கீஸில் படம் பார்த்தவர்களுக்கு இதெல்லாம் பழக்கம். முதலில் முணுமுணுப்பு, பிறகு விசில், அதன் பிறகு “ஆபரேட்டர்!”

முடி ஆடிக்கொண்டே இருக்கிறது. எத்தனை வினாடி விடவேண்டும் என்பதில்தான் ஏவரியின் கணக்கு. உடனே எடுத்தால் யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். நமக்கு எரிச்சல் வரும் வரை விடுகிறார். பிறகு பூச்சினி பாட்டை நிறுத்தாமல் கையை நீட்டி, அந்த முடியைப் பிடுங்கி, அப்பால் எறிந்துவிட்டுத் தொடர்ந்து பாடுகிறார். அவ்வளவுதான். ஒரு வசனம் கிடையாது, கண் சிமிட்டல் கிடையாது.

நான் முதலில் பார்த்தது வீட்டு டிவியில். பள்ளி விடுமுறை. முடி தெரிந்ததும் எழுந்து போய்ச் சட்டை நுனியால் திரையைத் துடைத்தேன். துடைத்துக்கொண்டிருக்கும்போதே நாய் அதைப் பிடுங்கியது. விளக்குக்கு முன்னால் பிலிமே ஓடாத ஒரு பெட்டியில் அந்தத் தந்திரம் பலித்தது என்பதை நினைத்தால் இன்றைக்கும் ஆச்சரியம்தான்.

ஒன்றையும் சேர்த்துச் சொல்லவேண்டும். பூச்சினியின் உருவ மாற்றங்களில் சீனரையும் கறுப்பின மக்களையும் கேலி செய்யும் சில வேடங்கள் வருகின்றன. அன்றைய அமெரிக்கக் கார்ட்டூன்களில் இது சாதாரணம், இன்றைக்குப் பார்க்கக் கூசும். பிள்ளைகளோடு பார்ப்பதானால் முன்கூட்டியே பேசிவிட்டுப் போடுங்கள்.

எல்லாரும் சொல்லும் அந்த டாஃபி டக் படம்?

‘டக் அமக்’, 1953. இயக்கம் சக் ஜோன்ஸ், கதை மைக்கேல் மால்டீஸ், குரல் மெல் பிளாங்க். ஓடுவது ஏழு நிமிடம்கூட இல்லை. 1999இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தார்கள்.

டாஃபி வாள்வீரனாகப் பாய்ந்து வருகிறான். சண்டை போட்டபடியே பக்கவாட்டில் நகர்கிறான்; பின்னணிச் சித்திரம் தீர்ந்துபோய்விடுகிறது. வெள்ளைத்தாள். சட்டென்று நின்று, படத்தை எடுப்பவரிடம், சீனரி எங்கே என்று ரகசியக் குரலில் கேட்கிறான். தூரிகை வந்து ஒரு பண்ணையை வரைகிறது. வாளோடு வந்தவன் பண்ணையைப் பார்க்கிறான். வெளியே போய் விவசாயி உடையில் மண்வெட்டியோடு பாடிக்கொண்டு வருகிறான். அதற்குள் அது பனிப்பிரதேசம். மறுபடியும் போய்ப் பனிச்சறுக்குக் கட்டைகளோடு வருகிறான். அதற்குள் ஹவாய். புல்பாவாடை கட்டிக்கொண்டு வருகிறான். மறுபடியும் வெள்ளைத்தாள்.

இந்த இடத்தை மட்டும் நான்கைந்து தடவை போட்டுப் பாருங்கள். வாத்துக்குக் கோபம் இருக்கிறது. ஆனால் வேலையை விடவில்லை. எந்தப் பின்னணி வந்தாலும் அதற்கேற்ற உடை, அதற்கேற்ற பாட்டு. புரவலர் எப்படி மாறினாலும் சளைக்காமல் வேஷம் கட்டும் நடிகன். கார்ட்டூன் என்றால் சீனரி இருக்கவேண்டும் என்று அவன் வரைபவருக்கே பாடம் எடுக்கிறான். பதிலுக்கு ரப்பர் வந்து அவனையே அழித்துவிடுகிறது. வெற்றுத்தாளிலிருந்து குரல் மட்டும்: நான் எங்கே?

சக் ஜோன்ஸ் காட்ட நினைத்தது இதைத்தான் என்று அவரே பிற்காலத்தில் விளக்கியிருக்கிறார்: உருவம், சீனரி, ஒலி எல்லாவற்றையும் பிடுங்கிவிட்டாலும் டாஃபி டாஃபியாகவே இருப்பான்.

பிறகு கிதார் கையில் கொடுத்து ஒலியைப் பறிக்கிறார்கள். அவன் ‘சத்தம் வேண்டும்’ என்று அட்டை காட்டுகிறான். சத்தம் வருகிறது, கிதாரிலிருந்து துப்பாக்கிச் சத்தம். வாயைத் திறந்தால் சேவல். உடம்பில் கட்டமும் புள்ளியுமாக வண்ணம் அடிக்கிறார்கள். பூத்தலை முளைத்த விசித்திர மிருகமாக்குகிறார்கள். க்ளோசப் கேட்டால், தூரத்தில் அவன் நிற்கிற இடத்திலேயே சட்டத்தைத் தீப்பெட்டி அளவுக்குச் சுருக்குகிறார்கள்; அதட்டிக் கேட்டதும் இரத்தம் பாய்ந்த கண்ணுக்குள்ளேயே கேமரா போய் முட்டுகிறது.

அதன் பிறகு வருவது நம் ஊர்க்காரர்களுக்கென்றே எடுத்த மாதிரி: பிரேம் நழுவுகிறது. நடுவில் கறுப்புக்கோடு, மேலே பாதி வாத்து, கீழே பாதி வாத்து. ஆபரேட்டரைக் கூப்பிட்டு நாம் கத்தும் அதே கோளாறு. ஆனால் இங்கே மேல்வாத்தும் கீழ்வாத்தும் ஒன்றையொன்று பார்த்துவிடுகின்றன. நீ அங்கே என்ன செய்கிறாய், நீ இங்கே என்ன செய்கிறாய் என்று தகராறு, கைகலப்பு.

கடைசியில் வரைபவர் பக்ஸ் பன்னி என்று காட்டியது தேவைதானா?

இதில் என் நண்பர்கள் இரண்டு கட்சி. ‘யார் நீ, முகத்தைக் காட்டு’ என்று டாஃபி கத்த, பென்சில் ஒரு கதவை வரைந்து அவன் முகத்தில் சாத்துகிறது. கேமரா பின்னால் வர, வரைபலகைக்கு முன்னால் பக்ஸ். நான் ரொம்ப மோசம், இல்லை என்பது மாதிரி ஒரு வரி, முடிந்தது.

முகம் தெரியாத ஒரு கை என்றே விட்டிருந்தால் படம் இன்னும் ஆழமாக இருந்திருக்கும் என்பது ஒரு கட்சி. நான் மற்றக் கட்சி. முகமில்லாத கை என்றால் அது விதி, தெய்வம், என்னென்னவோ ஆகிவிடும். ஏழு நிமிடக் கார்ட்டூனின் தோளில் அவ்வளவு பாரத்தை ஏற்றக்கூடாது. கூட வேலை செய்யும் பொறாமைக்காரன்தான் இத்தனையும் செய்தான் என்றதும் அது ஆபீஸ் தகராறாகிவிடுகிறது. அதுதான் சிரிப்பு.

1955இல் இதே சூத்திரத்தை ‘ராபிட் ராம்பேஜ்’ படத்தில் திருப்பிப் போட்டார்கள். பாதிக்கப்படுவது பக்ஸ், வரைவது எல்மர் ஃபட். அதே ஜோன்ஸ், அதே மால்டீஸ். எடுபடவில்லை. பக்ஸ் எப்போதும் ஜெயிப்பவன்; அவனை அடித்தால் பாவமாக இருக்குமே தவிரச் சிரிப்பு வராது. டாஃபிக்குத்தான் அந்த மானம், அந்த ரோஷம், தான் பெரிய நடிகன் என்ற நினைப்பு.

பக்ஸுக்கும் தான் கார்ட்டூன் என்று தெரியுமா?

அவனுக்குத் தெரியாதது என்ன? தெரிந்ததை ஆயுதமாக வைத்திருக்கிறான். 1949இன் ‘ஹை டைவிங் ஹேர்’ படத்தில், உயரத்தில் பலகை நுனியில் கட்டிப்போட்ட பக்ஸை விழவைக்க யோசமிட்டி சாம் பலகையை அறுக்கிறான். விழுவது சாமும் மேடையும். அறுத்த நுனி அப்படியே அந்தரத்தில் நிற்கிறது. இது புவியீர்ப்பு விதிக்கு விரோதம் என்று தெரியும், ஆனால் நான் சட்டம் படித்ததில்லையே என்கிறான் பக்ஸ். ஆங்கிலத்தில் விதிக்கும் சட்டத்துக்கும் ஒரே சொல்; தமிழில் சொன்னால் பாதி நகைச்சுவை வழியிலேயே உதிர்ந்துவிடுகிறது.

‘ஃபாலிங் ஹேர்’ 1943இல், போர்க்காலத்தில் வந்தது. விமானம் மூக்கு குப்புறத் தரையை நோக்கிப் பாய்கிறது. தரைக்குச் சில அடி இருக்கும்போது அந்தரத்தில் நிற்கிறது. பெட்ரோல் தீர்ந்துவிட்டதாம். அப்போது அமெரிக்காவில் பெட்ரோலுக்கு ரேஷன். ‘ஏ’ அட்டைக்காரருக்குத்தான் மிகக் குறைவு. பக்ஸும் விமானத்தைக் கெடுத்த குட்டிப்பிசாசும் சேர்ந்து நம்மிடம் அதைச் சொல்லிக் குறைப்படுகிறார்கள். ரேஷன் வரிசையில் நின்றுவிட்டு நேராகத் தியேட்டருக்கு வந்தவர்கள் எப்படிச் சிரித்திருப்பார்கள்!

‘வாட்ஸ் ஓப்ரா, டாக்?’ (1957) முடிவும் இந்த வகைதான். எல்மர் செத்த முயலைக் கையில் ஏந்தி அழுதபடி போகிறான். பக்ஸ் தலையை நிமிர்த்தி, ஓப்ராவில் வேறென்ன, சுப முடிவையா எதிர்பார்த்தீர்கள் என்று கேட்டுவிட்டு மறுபடியும் செத்துப்போகிறான்.

நிஜ முதலாளியே கார்ட்டூனில் நடித்தது உண்மையா?

உண்மை. ‘யூ ஆட் டு பீ இன் பிக்சர்ஸ்’, 1940, இயக்கம் ஃப்ரிஸ் ஃப்ரெலெங். கார்ட்டூனில் என்ன இருக்கிறது, பெரிய படத்தில் நடிகை பெட்டி டேவிஸுக்கு ஜோடியாகப் போ என்று டாஃபி போர்க்கியை உசுப்பிவிடுகிறான். போர்க்கி நிஜமான லியோன் ஷ்லெசிங்கரின் அறைக்குப் போய் ஒப்பந்தத்தை ரத்து செய்யச் சொல்கிறான். முதலாளி கைகுலுக்கி அனுப்பிவிட்டு, நம்மைப் பார்த்து, இவன் திரும்பி வருவான் என்கிறார். ஸ்டுடியோ வாசலில் போர்க்கியை விரட்டும் காவலாளியாக நடித்தவர் யார் தெரியுமா? பின்னாளில் ‘டக் அமக்’ எழுதிய மைக்கேல் மால்டீஸ்தான்.

உள்குத்து வேறு இருக்கிறது. ஃப்ரெலெங் அதற்குச் சற்று முன்னால்தான் ஷ்லெசிங்கரை விட்டு எம்ஜிஎம்முக்குப் போய், அங்கே சரிப்படாமல் திரும்பி வந்திருந்தார்.

டிஸ்னி ஏன் இதைச் செய்யவில்லை?

அறவே செய்யவில்லை என்று சொல்ல முடியாது. 1940இன் ‘ஃபான்டேசியா’வில் மிக்கி மவுஸ் மேடையேறி நிஜ இசை நடத்துநர் ஸ்டோகோவ்ஸ்கியின் கையைக் குலுக்குகிறது. ஆனால் டிஸ்னியின் முழு உழைப்பும் நீங்கள் சித்திரத்தை நிஜமென்று நம்பவேண்டும் என்பதில்தான். ‘பாம்பி’ படத்தில் மான்குட்டியின் தாய் சாகும்போது தியேட்டர் அழவேண்டும். அந்த நேரத்தில் ஒருவன் ரீலுக்கு வெளியே ஓடினால் வேலைக்காகுமா?

அப்படியானால் எல்லாப் பாத்திரங்களும் இப்படிச் செய்தால் இன்னும் சிரிப்பாக இருக்குமே?

இருக்காது. ஏவரியே அதற்குச் சாட்சி. 1944இல் ‘ஸ்க்ரூவி ஸ்குவிரல்’ என்ற அணிலைக் கொண்டுவந்தார். முதல் படத்திலேயே அது ஓர் அழகான, கொஞ்சலான அணிலை மரத்துக்குப் பின்னால் கூட்டிப்போய் நொறுக்கிவிட்டு, அந்தப் படம் உங்களுக்குப் பிடித்திருக்காது என்று நம்மிடம் சொல்கிறது. ஓடும் படத்தின் ஓரத்தைத் தாள்போல் தூக்கி, அடுத்த சீனில் என்ன வருகிறது என்று எட்டிப் பார்க்கிறது. தனித்தனியாகப் பார்த்தால் ஒவ்வொன்றும் அபாரம். ஆனால் ஐந்தே படங்களோடு அணிலின் கதை முடிந்தது. அதற்கு எதுவும் வேண்டாம், எதற்கும் பயமில்லை, படம் நின்றாலும் கவலையில்லை. கவலையில்லாதவனிடமிருந்து எதைப் பறித்துச் சிரிப்பது? டாஃபிக்கோ காட்சி நடந்தே தீரவேண்டும். பூச்சினிக்குப் பாட்டு முடிந்தே ஆகவேண்டும். அங்கேதான் பிடி கிடைக்கிறது.

1988இல் வந்த ‘ஹூ ஃப்ரேம்டு ரோஜர் ராபிட்’ படத்தில் இதை ஒரே வரியில் முடித்திருப்பார்கள். துப்பறிபவரும் முயலும் ஒரே கைவிலங்கில். அவர் வியர்க்க வியர்க்க ரம்பத்தால் அறுத்துக்கொண்டிருக்க, முயல் சாதாரணமாகக் கையை உருவிக்கொள்கிறது. எப்போது வேண்டுமானாலும் உருவியிருக்கலாமா என்று அவர் கத்துகிறார். எப்போது வேண்டுமானாலும் முடியாது, சிரிப்பு வரும்போது மட்டும்தான் முடியும் என்கிறது முயல்.

டிவி வந்த பிறகு?

சுருக்கமாகச் சொன்னால், படம் ஏழையானது, பேச்சு பணக்காரனானது. 1959 முதல் வந்த ராக்கி–புல்விங்கிள் தொடரில் அசைவு கொஞ்சம்தான். ஆனால் அணிலும் கடமானும் கதைசொல்லியோடு பேசும், கதைசொல்லி பதில் சொல்வார். காதால் பார்க்கவேண்டிய கார்ட்டூன்.

சின்னப் பிள்ளைகளுக்கு இதெல்லாம் புரிகிறதா?

என் அனுபவத்தில் நம்மைவிட வேகமாக. பிலிம் ரீலையே பார்த்திராத ஆறு வயதுப் பெண் பிரேம் நழுவும் காட்சியில் விழுந்து விழுந்து சிரித்தாள். என்ன புரிந்தது என்று கேட்டேன். “ரெண்டு டாஃபி வந்துடுச்சு மாமா, ஒண்ணு தப்பு” என்றாள். எது தப்பு என்று கேட்டதற்கு வெகுநேரம் யோசித்துவிட்டு, “அதுதான் அதுங்களுக்கும் தெரியல” என்றாள்.

எதிலிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம்?

‘டக் அமக்’கை முதலில் பார்க்காதீர்கள். விதி தெரியாமல் மீறலைப் பார்த்து என்ன பயன்? சாதாரணமான டாஃபி, பக்ஸ் படங்கள் நாலைந்து பாருங்கள். பிறகு ஜெர்ட்டி, அதன் பிறகு ‘டம்ப்-ஹவுண்டட்’, ‘மேஜிக்கல் மாஸ்ட்ரோ’. டாஃபியைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். மொபைலில் பார்த்தால் முடி கண்ணில் படாது, பெரிய திரை நல்லது.

ரோட் ரன்னரைத் துரத்தும் அந்தக் கயோட்டி எப்போதாவது பிடித்ததா?

ரோட் ரன்னர் வேகமாக ஓடும் ஒரு பறவை; அதைத் துரத்தும் வைல் ஈ. கயோட்டி ஓநாய் மாதிரி ஒரு மிருகம். அந்தத் துரத்தல் படங்களில் அது பேசாது. விழும்போதுகூட அட்டைதான் காட்டும். 1949இல் துரத்த ஆரம்பித்தது. 31 வருடம் கழித்து, 1980இல், ‘சூப் ஆர் சானிக்’ என்ற படத்தில் ஒரு வழியாகப் பிடித்தும்விட்டது. என்ன, குழாய்க்குள் ஓடி ஓடி அது எலிக்குட்டி அளவுக்குச் சுருங்கிவிட்டிருந்தது. பறவை பழைய அளவில். மலைபோல் நிற்கும் அந்தக் காலைக் கட்டிப்பிடித்து, கத்தியும் முட்கரண்டியும் எடுத்த பிறகுதான் அண்ணாந்து பார்க்கிறது. பிறகு நம் பக்கம் திரும்பி ஓர் அட்டையைக் காட்டுகிறது: நான் இதைப் பிடிக்கவேண்டும் என்று ஆசைப்பட்டீர்களே, புத்திசாலிகளே. அது இறங்கி அடுத்த அட்டை: இப்போது நான் என்ன செய்ய?